பெல் மீடில் தண்டவாளம் போட்ட பையன்

நியூ ஜெர்ஸி தமிழ்ப் பள்ளிப் பெற்றோர்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள பெற்றோர்களுக்கு,

எட்டு வருஷமாக ஞாயிற்றுக்கிழமை காலைகளில் உங்கள் பிள்ளைகளுக்குத் தமிழ் சொல்லிக்கொடுக்கிறேன். வாசலில் பார்த்தால் சிரித்துக்கொள்வோம். பொங்கல் விழா வந்தால் யார் வடை, யார் கேசரி என்று பேசி முடிப்போம். அதைத் தாண்டி உங்களிடம் எதையும் கேட்டதில்லை. இன்று ஒன்று கேட்பதற்காக எழுதுகிறேன்.

மூன்று வாரத்துக்கு முன்னால் வகுப்பு முடிந்து எல்லாரும் கிளம்பிக்கொண்டிருந்த நேரம். என் வகுப்புப் பையன் ஒருவன் காரிடார் சுவரில் சாய்ந்து தரையில் உட்கார்ந்து ஏதோ படித்துக்கொண்டிருந்தான். டவுன் லைப்ரரி ஸ்டிக்கர் ஒட்டிய மெல்லிய புத்தகம். ஜேம்ஸ் பால்ட்வின் எழுதிய ‘தி ஃபயர் நெக்ஸ்ட் டைம்’. அவனைக் கூட்டிப்போக வந்த அப்பா அதை வாங்கி நாலு பக்கம் புரட்டினார். பின்னட்டையைப் பார்த்தார். அப்புறம் என்னைப் பார்த்து, “இதெல்லாம் நமக்கு எதுக்கு டீச்சர்? அவங்க சண்டை அவங்களோட. இவன் மேத்ஸைப் பாக்கட்டும்” என்றார். குரலில் கோபம் இல்லை, பிள்ளை மேல் இருக்கிற அக்கறைதான் இருந்தது. பையன் ஒன்றும் பேசாமல் புத்தகத்தைப் பைக்குள் தள்ளி ஜிப்பை இழுத்தான். நானும் பேசாமல் நின்றேன்.

அன்றைக்கே பதில் சொல்லியிருக்க வேண்டும். வாய் வரவில்லை. இந்த மூன்று வாரமும் அந்தப் பதில் எனக்குள் ஓடிக்கொண்டே இருக்கிறது. அவருக்கு மட்டும் எழுதினால் அவரைக் குறை சொன்னதாகிவிடும். அவர் கேட்டது நம் எல்லார் வீட்டிலும் கேட்கிற கேள்வி. என் வீட்டுச் சாப்பாட்டு மேசையிலும் கேட்டிருக்கிறது. அதனால்தான் எல்லாருக்கும் எழுதுகிறேன்.

பிரின்ஸ்டன் பக்கத்திலிருந்து பிரிட்ஜ்வாட்டர் பெருமாள் கோயிலுக்குப் போகிறவர்கள் 206-ஆம் சாலையில் ஏறுவீர்கள். வழியில் பெல் மீட் வரும். நம்மவர்கள் எத்தனையோ பேர் அந்தப் பக்கம் வீடு வாங்கியிருக்கிறோம். 1942-இல் அங்கே ராணுவக் கிடங்கு ஒன்று எழும்பிக்கொண்டிருந்தது. அதற்குத் தண்டவாளம் போடும் வேலைக்கு நியூயார்க்கின் ஹார்லெமிலிருந்து ஒரு பையன் வந்தான். பள்ளிப் படிப்பு அந்த வருஷம்தான் முடிந்திருந்தது. ஒல்லி உடம்பு, பெரிய பெரிய கண்கள். வீட்டில் அவனுக்குக் கீழே ஏழு பிள்ளைகள். எட்டாவது மறுவருஷம் பிறக்கப்போகிறது. எழுத வேண்டும் என்பது கனவு, சம்பளம் வேண்டும் என்பது நிலைமை. அந்தப் பையன்தான் ஜேம்ஸ் பால்ட்வின்.

பிரின்ஸ்டனில் நாமே எடுத்துவந்து சாப்பிடுகிற மாதிரி ஓர் உணவகம். மூன்று முறை அங்கே போய், பல்கலைக்கழகப் பையன்களோடு கவுண்டர் முன்னால் நின்று, ஹாம்பர்கரும் காபியும் சாப்பிட்டு வந்தான். ஏன் இவ்வளவு நேரம் ஆகிறது என்று மட்டும் யோசித்திருக்கிறான். நான்காம் முறைதான் விஷயம் தெரிந்தது. அந்த மூன்று முறையும் யாரும் அவனுக்கு எதையும் எடுத்துக் கொடுக்கவே இல்லை. எதிரில் இருந்ததை அவனே எடுத்துக்கொண்டிருக்கிறான். கறுப்பருக்கு அங்கே சாப்பாடு கிடையாது. அவனுக்கே உறைக்கட்டும் என்று கடைக்காரர்கள் காத்திருந்திருக்கிறார்கள். அன்று தென்மாநிலங்களில் ‘வெள்ளையருக்கு மட்டும்’ என்று பலகை தொங்கும், அதைப் படித்துவிட்டு விலகிப் போகலாம். பலகை இல்லாத இடத்தில் ஒவ்வொரு கதவையும் தள்ளிப் பார்த்து அவமானப்பட்டுத்தான் தெரிந்துகொள்ள வேண்டும். நியூ ஜெர்ஸியில் அவன் அப்படித்தான் தெரிந்துகொண்டான். சாப்பாட்டுக் கடை, பௌலிங் அரங்கு, மதுக்கடை, குடியிருக்கும் இடம் என்று எங்கே போனாலும் இதே கதை. வேலையும் போனது, மறுபடி கிடைத்தது, மறுபடி போனது.

நியூ ஜெர்ஸியில் கடைசி இரவு. நியூயார்க்கிலிருந்து வந்த வெள்ளைக்கார நண்பனோடு டிரென்டனில் படம் பார்த்துவிட்டுச் சாப்பிடப் போனான். முதல் கடையில் வழக்கமான பதில். வெளியே வந்து தெருவில் நடக்கும்போது அவனுக்குள் ஏதோ அறுந்துபோயிற்று. பளபளவென்று விளக்கெரியும் ஒரு பெரிய உணவகத்துக்குள், அங்கே தனக்கு எதுவும் கிடைக்காது என்று தெரிந்தே நுழைந்து, மேசையில் உட்கார்ந்தான். பரிமாறும் பெண் வந்தாள். பயந்துபோயிருந்தாள். இங்கே கறுப்பருக்குக் கொடுப்பதில்லை என்பதை மன்னிப்புக் கேட்கிற குரலில்தான் சொன்னாள். அவள் இன்னும் கிட்டே வரட்டும் என்று, புரியாதவன் போல் இருந்தான். மேசையில் பாதித் தண்ணீரோடு ஒரு குவளை. அதை எடுத்து முழு பலத்தோடு அவளை நோக்கி வீசினான். அவள் குனிந்துகொண்டாள். குவளை பின்னாலிருந்த கண்ணாடியில் போய் மோத, கண்ணாடி சிதறியது. அந்தச் சத்தத்தில்தான் அவனுக்குச் சுயநினைவு வந்தது. ஓடினான். நண்பன் வாசலில் நின்று போலீஸை வேறு பக்கம் அனுப்பிவைத்தான்.

பன்னிரண்டு வருஷம் கழித்து ‘நோட்ஸ் ஆஃப் எ நேட்டிவ் சன்’ கட்டுரையில் இதை எழுதும்போது பால்ட்வின் அந்தப் பெண்ணைத் திட்டவில்லை. அன்று இரவு இரண்டு விஷயம் நடந்திருக்கலாம் என்கிறார். என்னைக் கொன்றிருப்பார்கள். நான் கொன்றிருப்பேன். மற்றவர்கள் எனக்குச் செய்யக்கூடியது அல்ல, என் நெஞ்சில் நான் சுமந்த வெறுப்புதான் என் உயிருக்கு ஆபத்து என்று அன்று புரிந்தது என்பது அவர் கணக்கு. தனக்கு நடந்த அநியாயத்தை எழுத உட்கார்ந்து, தன் கையிலிருந்த குவளையை முதலில் காட்டியவர் என்று வேறு யாரையும் எனக்குச் சட்டென்று சொல்லத் தெரியவில்லை. அவரை நான் விடாமல் படிப்பதற்கு முதல் காரணம் அதுதான்.

அந்த வெறுப்பை அவர் ஏற்கெனவே வீட்டில் பார்த்திருந்தார். 1924 ஆகஸ்ட் 2-இல் ஹார்லெமில் பிறந்தவர். அம்மா பெர்டிஸ், மூன்று வயதுக் குழந்தையோடு டேவிட் பால்ட்வின் என்பவரைக் கட்டிக்கொண்டார். டேவிட் வாரநாளில் ஆலைத் தொழிலாளி, ஞாயிற்றுக்கிழமை பிரசங்கி. அவருடைய தாய் அடிமையாகவே பிறந்தவர். அந்தப் பாட்டி இருந்த வீட்டில்தான் ஜேம்ஸ் வளர்ந்தார். டேவிட் கண்டிப்பானவர், யாரையும் நம்பாதவர். கடைசிக் காலத்தில் பெற்ற பிள்ளைகளே தனக்கு விஷம் வைக்கிறார்கள் என்று சாப்பிட மறுத்தவர். 1943 ஜூலை 29-இல் அவர் இறந்தார். அதே நாளில் கடைசிக் குழந்தை பிறந்தது. இறுதிச் சடங்கு ஜேம்ஸின் பத்தொன்பதாவது பிறந்தநாளன்று. கறுப்பினச் சிப்பாய் ஒருவரை வெள்ளைப் போலீஸ்காரர் சுட்டதில் ஹார்லெம் அப்போது பற்றிக்கொண்டிருந்தது. உடைந்த கண்ணாடிச் சில்லுகளுக்கு நடுவே அப்பாவை இடுகாட்டுக்குக் கொண்டுபோனார்கள். டிரென்டன் கண்ணாடி உடைந்து அதிக காலம் ஆகியிருக்கவில்லை.

டேவிட் அந்தப் பையனிடம் திரும்பத் திரும்பச் சொன்ன ஒரு வார்த்தை உண்டு. நீ அவலட்சணம், உன் கண்ணைப் பார். அம்மாவுக்கும் அதே கண்தான், அதனால் அந்த ஏச்சு அம்மாவையும் சேர்த்து அடித்தது. சின்னவனாக இருக்கும்போது தெருவில் ஒரு கிழவியைப் பார்த்துவிட்டு, அம்மாவை இழுத்துக்கொண்டு போய், பார், இவள் நம்மைவிட அசிங்கம் என்று காட்டியிருக்கிறான். அம்மாவுக்கு ஆறுதல் சொல்கிறோம் என்று நினைத்துச் செய்த காரியம். பிறகு ஒருநாள் திரையில் பெட்டி டேவிஸ் என்ற நடிகையைப் பார்த்தான். வெள்ளைக்காரி, பணக்காரி, பெரிய நட்சத்திரம். அவளுக்கும் தன்னுடையதைப் போலவே முட்டைக் கண்! அப்படியானால் அப்பா சொன்னது உண்மையாக இருக்க வேண்டியதில்லை என்று அந்தப் பிள்ளைக்கு அன்றுதான் தோன்றியது.

இந்த இடத்தில் நம் வீட்டுக்குள் வருகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள். “கருப்பா இருந்தாலும் களையா இருக்கா.” இந்த வாக்கியத்தைக் கேட்காமல் வளர்ந்த தமிழ்ப் பெண் இருக்கிறாளா? பாராட்டாகத்தான் சொல்கிறோம். ஆனால் அந்த ‘இருந்தாலும்’ என்ன செய்கிறது என்று பாருங்கள். குற்றம் ஒன்று இருக்கிறது, போகட்டும் என்று விட்டுவிடுகிறோம் என்கிறது. மூன்று வருஷத்துக்கு முன்னால் நம் ஆண்டு விழாவில் தமிழ்த்தாய் வேஷத்துக்குப் பிள்ளையைத் தேர்ந்தெடுத்தது நான்தான். முழு வசனத்தையும் திக்காமல் சொன்ன குழந்தை ஒருத்தி இருந்தாள். நான் வேறொருத்தியை நிறுத்தினேன். மேடை விளக்கில் ‘எடுப்பாக’ இருக்கும் என்று எனக்கே காரணம் சொல்லிக்கொண்டேன். வசனம் தெரிந்தவள் பின்வரிசையில் நின்று, முன்னால் நின்றவள் மறந்த இடத்தில் மெதுவாக எடுத்துக்கொடுத்தாள். மைக்கில் அது லேசாகக் கேட்டது. அந்தக் குழந்தையின் அம்மாவும் இந்த மடலைப் படிப்பார். அவரிடம் நேரில் மன்னிப்புக் கேட்டுவிட்டேன். உங்கள் எல்லார் முன்னாலும் சொல்ல வேண்டியது பாக்கி இருந்தது.

பால்ட்வின் ‘அவங்க’ எழுத்தாளர் இல்லை என்று நான் நினைப்பது இங்கிருந்துதான் தொடங்குகிறது.

பதினான்கு வயதில் ஹார்லெமில் பிரசங்கம் செய்ய ஆரம்பித்து பதினேழில் விட்டுவிட்டார். ஆனால் அவர் வாக்கியத்தில் அந்த மேடையின் ஏற்ற இறக்கம் கடைசிவரை இருந்தது. 1948 நவம்பரில் கையில் 40 டாலரோடு பாரிஸுக்குப் போனார். அமெரிக்காவில் இருந்தால் ஒன்று கொலை செய்வோம், இல்லை கொலையாவோம் என்ற பயம். திருடிய படுக்கை விரிப்பு ஒன்று அவர் அறையில் இருந்ததற்காக அங்கேயும் எட்டு நாள் சிறை. சுவிட்சர்லாந்து மலைக் கிராமம் ஒன்றில், பனிக்காலத்தில், டைப்ரைட்டரையும் பெஸ்ஸி ஸ்மித்தின் பாட்டுத் தட்டுகளையும் வைத்துக்கொண்டு முதல் நாவலை முடித்தார். ‘கோ டெல் இட் ஆன் தி மவுண்டன்’, 1953-இல் வெளிவந்தது. கறுப்பரையே பார்த்திராத அந்தக் கிராமத்துக் குழந்தைகள் தெருவில் அவரைக் கண்டு கூவின, ஊர்க்காரர்கள் அவர் தலைமுடியைத் தொட்டுப் பார்த்தார்கள். இவர்கள் வியப்பது நியாயம், இவர்கள் என்னைக் கண்டதில்லை. அமெரிக்க வெள்ளையனுக்கு அந்தச் சாக்கு கிடையாது, நான் அவன் வீட்டிலேயே இத்தனை தலைமுறையாக இருக்கிறேன் என்று அதிலிருந்து ஒரு கட்டுரைக்கு வழி கண்டார்.

இரண்டாவது நாவல் ‘ஜியோவானிஸ் ரூம்’, 1956. ஆணை நேசிக்கும் ஆணின் கதை, பாத்திரங்கள் எல்லாரும் வெள்ளையர். முதல் நாவலை வெளியிட்ட பதிப்பகம் இதை ஏற்கவில்லை. கறுப்பர் கறுப்பரைப் பற்றி எழுதினால் போதும் என்று ஒரு பக்கம், இப்படிப்பட்டவன் நம் இனத்துக்காக எப்படிப் பேசலாம் என்று இன்னொரு பக்கம் பின்னாளில் வசவு. இரண்டு பக்கமும் வாயை மூடு என்று சொன்னபோதும் அவர் எழுதிக்கொண்டே இருந்தார். நம் பிள்ளைகளில் யாராவது ஒருவர் அந்தப் புத்தகத்தை யாருக்கும் தெரியாமல் படித்துக்கொண்டிருக்கலாம். அவர்களையும் மனதில் வைத்துத்தான் இதை எழுதுகிறேன்.

இப்போது அந்த அப்பாவின் கேள்விக்கு வருகிறேன். ‘அவங்க சண்டை’ என்பதற்குப் பின்னால் நாம் வெளியே சொல்லாத இன்னொரு வாக்கியம் இருக்கிறது: “நாம ரெண்டு பெட்டியோட வந்து படிச்சு முன்னேறலையா? அவங்களால ஏன் முடியல?”

இதே கேள்வியை பால்ட்வின் முகத்துக்கு நேரே கேட்டவர் சாதாரண ஆள் அல்ல. 1963 மே 24. பர்மிங்ஹாமில் ஊர்வலம் போன பள்ளிப் பிள்ளைகள் மேல் நாயை ஏவி, தீயணைப்புக் குழாயால் தண்ணீர் பீய்ச்சியடித்து சில வாரம்தான் ஆகியிருந்தது. அட்டர்னி ஜெனரல் ராபர்ட் கென்னடி, அதிபரின் தம்பி, நியூயார்க்கிலிருந்த தன் குடும்பத்து வீட்டில் பால்ட்வினைச் சந்தித்தார். பால்ட்வின் தனியாகப் போகவில்லை. நாடகாசிரியர் லொரெய்ன் ஹேன்ஸ்பெரி, பாடகர்கள் ஹேரி பெலஃபான்டே, லீனா ஹார்ன் என்று பலரைக் கூட்டிப்போனார். அவர்களோடு ஜெரோம் ஸ்மித் என்ற இளைஞர். பேருந்து நிலையத்தில் சமமாக உட்காரப் போனதற்கு மிசிசிப்பியில் அடிபட்டுக் குற்றுயிராகத் திரும்பியவர். நாட்டுக்காகத் துப்பாக்கி எடுப்பாயா என்று பால்ட்வின் கேட்க, ஒருபோதும் மாட்டேன் என்றார் அவர். கென்னடி அதிர்ந்துபோனார். எங்கள் முன்னோரும் அயர்லாந்திலிருந்து வந்து அவமானப்பட்டவர்கள்தான், இன்று என் அண்ணன் அதிபர் என்கிற மாதிரிப் பேசினார். உங்கள் குடும்பம் வந்து மூன்று தலைமுறை, எங்கள் குடும்பம் அதற்கு வெகுகாலம் முன்பே இங்கே இருக்கிறது, அப்புறம் ஏன் உங்கள் அண்ணன் அங்கே, நாங்கள் இங்கே என்று பால்ட்வின் திருப்பிக் கேட்டார்.

எனக்கு இந்தக் காட்சியில் கென்னடி மேல் கோபம் வரவில்லை. அவர் கெட்டவர் இல்லை. கேட்டது அப்படியே நாம் கேட்பது. நல்ல மனிதர்களும் கேட்கிற கேள்வி அது. ஆனால் அதற்குள் ஒரு ஏமாற்று இருக்கிறது. கதவு யார் திறந்தது என்பதை அது மறைத்துவிடுகிறது.

நம் கதவின் கதையைச் சொல்கிறேன். முதல் உலகப்போரின்போது அமெரிக்க ராணுவத்தில் இருந்தவர் பகத் சிங் தின்ட் என்ற பஞ்சாபி. அன்றைய சட்டப்படி வெளிநாட்டிலிருந்து வந்தவர்களில் வெள்ளையருக்கும் ஆப்பிரிக்க வம்சாவளியினருக்கும் மட்டுமே குடியுரிமை. தின்ட் தரப்பு எந்தக் கதவைத் தட்டியது தெரியுமா? நான் ஆரியன், உயர்சாதி, ஆகவே வெள்ளையன் என்று வாதாடியது. அமெரிக்கர் கறுப்பரை எப்படிப் பார்க்கிறாரோ அப்படித்தான் உயர்சாதி இந்து இந்தியாவின் பழங்குடியைப் பார்க்கிறார் என்பதைக்கூட ஒரு தகுதியாகச் சொன்னது. 1923-இல் உச்ச நீதிமன்றம் மறுத்துவிட்டது. ஏற்கெனவே குடியுரிமை வாங்கிய இந்தியர் பலரிடமிருந்தும் அது பறிக்கப்பட்டது. 1946-இல் சட்டம் கொஞ்சம் இளகியபோதும் இந்தியாவுக்கு என்று விட்ட இடம் ஆண்டுக்கு 100 பேர். இந்த ஒரு பள்ளிக்கூடத்து பார்க்கிங்கில் ஞாயிற்றுக்கிழமை நிற்கிற நம்மையே அதில் அடைக்க முடியாது.

அப்புறம் 1965. அந்த வருஷத்தை மாதம் மாதமாகப் பாருங்கள். பிப்ரவரி 18-இல் பால்ட்வின் இங்கிலாந்தின் கேம்பிரிட்ஜ் மாணவர் சங்கத்தில் பேசுகிறார். அமெரிக்கக் கனவு கறுப்பரின் உழைப்பையும் உயிரையும் தின்று கட்டியதா என்பது விவாதம். எதிரணியில் வில்லியம் பக்லி என்ற பழமைவாத எழுத்தாளர். 544-க்கு 164 என்று பால்ட்வின் பக்கம் ஜெயிக்கிறது. மூன்றே நாளில் மால்கம் எக்ஸ் சுட்டுக் கொல்லப்படுகிறார். லண்டனில் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது பால்ட்வினுக்குச் செய்தி வருகிறது. மார்ச் 7-இல் செல்மா பாலத்தில் ஓட்டுரிமை கேட்டு நடந்தவர்களைப் போலீஸ் அடித்து வீழ்த்துகிறது. அதே மாதக் கடைசியில் மறுபடி நடந்து மான்ட்கோமரி போய்ச் சேர்ந்தவர்களோடு பால்ட்வினும் இருக்கிறார். ஆகஸ்ட் 6-இல் வாக்குரிமைச் சட்டம். அக்டோபர் 3-இல் குடிவரவுச் சட்டம். எந்த நாட்டில் பிறந்தாய் என்று பார்த்து ஆளை எடுக்கும் பழைய முறை அதோடு ஒழிந்தது. இனம் பார்ப்பது தவறு என்று தெருவில் நின்று அடி வாங்கி இந்த நாட்டுக்குச் சொன்னவர்கள் யாரோ, அவர்கள் உண்டாக்கிய காற்றில்தான் அந்தக் கதவும் திறந்தது. நம் எச்-1பி, கிரீன் கார்டு எல்லாம் அதன் பின்னால் வந்தவை. நம் படிப்பும் உழைப்பும் பொய் இல்லை. ஆனால் நான் வெள்ளையன் என்று போய் நின்றவருக்கு மூடிய கதவு, கறுப்பர் நடந்த பிறகு நமக்குத் திறந்தது.

வீட்டுக் கதவும் அப்படித்தான். ‘நல்ல ஸ்கூல் டிஸ்ட்ரிக்ட்’ என்று தேடித் தேடி வாங்கினோம். அந்த ஊர்கள் எப்படி நல்ல ஊர்கள் ஆயின? 1930-களில் அரசே ஊர் ஊராக வரைபடம் போட்டுக் கறுப்பர் வாழ்ந்த தெருக்களுக்குச் சிவப்பு வண்ணம் அடித்தது. அங்கே வீட்டுக் கடனுக்கு அரசு காப்புறுதி கிடையாது. வீட்டு மதிப்பு ஏறவில்லை. பள்ளிக்கூடம் பெருமளவு வீட்டு வரியில் ஓடுகிறது, ஆகவே பள்ளியும் ஏறவில்லை. வீடு விற்பதில் இனம் பார்க்கக் கூடாது என்ற சட்டம் 1968 ஏப்ரல் 11-இல் வந்தது. மார்ட்டின் லூதர் கிங் கொல்லப்பட்டு ஏழாவது நாள். நாம் ரியல்டரோடு போய்ச் சாவி வாங்கினோமே, அந்தச் சாவிக்குப் பின்னால் இந்தத் தேதி இருக்கிறது.

1984-இல் எழுதிய ஒரு சிறு கட்டுரையில் பால்ட்வின் சொல்வது இதுதான்: அமெரிக்காவுக்கு வரும்வரை யாரும் வெள்ளையராக இருக்கவில்லை. அயர்லாந்துக்காரர், இத்தாலிக்காரர், யூதர் என்று வந்தவர்கள் இங்கே வந்து வெள்ளையர் ஆனார்கள். அதற்கு அவர்கள் கொடுத்த விலை, கறுப்பரை விட்டு விலகி நிற்பது. வெள்ளை என்பது தோலின் நிறம் இல்லை, ஒரு பேரம். அதே பேரம் இன்று நம் முன்னால் விரித்து வைக்கப்பட்டிருக்கிறது. முழு வெள்ளை கிடைக்காது, பக்கத்து இருக்கை கிடைக்கும். அதற்கு நாம் கொடுக்க வேண்டியது அதே விலை. யாரும் காகிதத்தில் கையெழுத்து கேட்பதில்லை. நியூவார்க் விமான நிலையத்துக்குப் போகும்போது வழி தப்பி ஒரு தெருவுக்குள் திரும்பிவிடுகிறோம். நடைபாதையில் நாலு பேர் நிற்கிறார்கள். நம் விரல் தானாகப் போய் லாக்கை அழுத்துகிறது. டக். பின் சீட்டில் பிள்ளை அந்தச் சத்தத்தைக் கேட்கிறது. ஜன்னலுக்கு வெளியே யார் நின்றார்கள் என்றும் பார்க்கிறது. நாம் ஒரு வார்த்தை பேசவில்லை, பாடம் நடந்துவிட்டது.

என்னோடு வேலை பார்க்கும் தோழி ஒருத்தி, கறுப்பினத்தவள். அவள் மகனும் என் மகனும் ஒரே மாதத்தில் லைசென்ஸ் எடுத்தார்கள். “ஸ்பீடா போகாதே, போனைத் தொடாதே” என்று நான் இவனுக்குச் சொன்னேன். அவளோ தன் மகனைக் காரில் உட்காரவைத்து ஒரு மாலை முழுக்கப் பழக்கியிருக்கிறாள். இன்சூரன்ஸ் அட்டையையும் பதிவுச் சீட்டையும் முன்னாலிருக்கும் வெயில் தடுப்பில் கிளிப் போட்டு வைத்திருக்கிறாள், போலீஸ் நிறுத்தினால் அவன் கை டேஷ்போர்டுப் பெட்டிக்குள் போகக் கூடாது என்பதற்காக. இரண்டு கையும் ஸ்டியரிங்கில், பத்து விரலும் தெரிய வேண்டும். கை எடுக்கும் முன் எடுக்கப்போகிறேன் என்று சொல்ல வேண்டும். மதியச் சாப்பாட்டு நேரத்தில் என் லஞ்ச் பாக்ஸ் மேல் தன் விரல்களை விரித்துக் காட்டினாள். எனக்குத் தயிர்சாதம் இறங்கவில்லை.

பத்து வயதில் ஹார்லெமில் இரண்டு போலீஸ்காரர்கள் கேலி பேசிச் சோதனை போட்டுக் காலி மனையில் தள்ளிவிட்டுப் போனதை, பதின்மூன்று வயதில் 42-ஆம் தெரு நூலகத்துக்குப் போகும்போது நடுச்சாலையில் ஒரு போலீஸ்காரர் உன் இடத்திலேயே இருக்க மாட்டாயா என்று முணுமுணுத்ததை, அந்தப் பையன் கையில் வைத்திருந்த புத்தகத்தில் பால்ட்வின் எழுதியிருக்கிறார். அதன் முதல் பகுதி தன் பெயரையே கொண்ட தம்பி மகனுக்கு எழுதிய கடிதம். அடிமை ஒழிப்புப் பிரகடனத்தின் நூறாவது ஆண்டை ஒட்டி எழுதியது. நீ பெரிதாக எதுவும் ஆகப்போவதில்லை என்று வெள்ளையர் முடிவு கட்டித்தான் உன்னை இந்தத் தெருவில் பிறக்கவைத்தார்கள், அவர்கள் உன்னைப் பற்றிச் சொல்வதை நீ நம்பினால்தான் அழிவாய் என்று அந்தச் சின்னப் பையனிடம் ஒளிக்காமல் சொல்கிறார். அதோடு நிறுத்தவில்லை. அவர்கள் உன்னை ஏற்றுக்கொள்ள வேண்டும் என்று காத்திராதே, நீதான் அவர்களை ஏற்றுக்கொள்ள வேண்டும், அதுவும் அன்போடு என்கிறார். முதலில் படித்தபோது எனக்கு இது பிடிக்கவில்லை. அடிபட்டவன் தலையிலேயே இந்தப் பாரமுமா என்று புத்தகத்தை மூடிவைத்தேன். டிரென்டன் குவளைக் கதையைப் படித்த பிறகுதான் திரும்ப எடுத்தேன். அந்த அன்பு இரக்கப்பட்டுத் தரும் தானம் இல்லை, அந்த வெறுப்பு தன் தம்பி மகனையும் தின்றுவிடக் கூடாது என்ற தவிப்பு. டேவிட் பால்ட்வினைத் தின்றதைப் பக்கத்திலிருந்து பார்த்தவர் அல்லவா?

எஃப்.பி.ஐ. அவர் மேல் 1,884 பக்கத்துக்குக் கோப்பு சேர்த்தது. உரிமைப் போராட்டத்தில் கூட நின்ற மெட்கர் எவர்ஸ், மால்கம், கிங் மூன்று பேரும் நாற்பது வயதை எட்டுமுன் கொல்லப்பட்டார்கள். அவர் பிரான்ஸின் தென்பகுதியில் செயின்ட் பால் த வான்ஸ் என்ற சிற்றூரில் வாழ்ந்து, 1987 டிசம்பர் 1-இல் இறந்தார். அந்த மூவரைப் பற்றி எழுதத் தொடங்கிய புத்தகம் முடியவில்லை. எழுதிவைத்த குறிப்புகளிலிருந்து ரவூல் பெக் 2016-இல் ‘ஐ ஆம் நாட் யுவர் நீக்ரோ’ என்ற ஆவணப்படம் எடுத்தார். கட்டுரைகளை டோனி மாரிசன் தேர்ந்து தொகுத்த கனமான தொகுதி ஒன்று 1998-இல் வந்தது.

நான் கேட்பது இதுதான். அடுத்த மாதத்திலிருந்து முதல் ஞாயிற்றுக்கிழமை, வகுப்பு முடிந்ததும், பிள்ளைகள் பறை பழகும் அந்த ஒரு மணி நேரத்தில் நாம் காரில் உட்கார்ந்து போனைப் பார்க்க வேண்டாம். கேஃபட்டீரியாவில் கூடுவோம். முதலில் அந்தக் கடிதம், பதினைந்து நிமிஷத்தில் படித்துவிடலாம். அடுத்து பெல் மீட் கட்டுரை. ஊரிலிருந்து வந்திருக்கிற தாத்தா பாட்டிகளையும் கூட்டிவாருங்கள், அவர்களுக்கு நான் தமிழில் சொல்கிறேன். என் தோழியையும் கேட்டிருக்கிறேன், வருகிறேன் என்றிருக்கிறாள். அவளுக்கு நம் ஊர் டிகாஷன் காபி பிடிக்கும், யாராவது ஃபிளாஸ்கில் கொண்டுவந்தால் நல்லது.

போன ஞாயிறு அந்த அப்பாவிடம் தனியாகப் பேசினேன். நான் எழுதப்போகிறேன் என்று சொல்லி, உங்கள் பேச்சைப் போடலாமா என்று கேட்டேன். கொஞ்ச நேரம் யோசித்தார். “போடுங்க டீச்சர், பேர் மட்டும் வேண்டாம்” என்றார். லைப்ரரியில் ரெனியூ செய்து கொடுத்தது அவர்தானாம். பையன் இன்னும் முடிக்கவில்லை. அவன் முடித்ததும் அடுத்து யாருக்கு வேண்டும் என்று எனக்கு ஒரு வாட்ஸ்அப் போடுங்கள்.

அன்புடன்,
உங்கள் பிள்ளைகளின் தமிழ் டீச்சர்